படத்தொகுப்பாளர் வேண்டாத காட்சிகளை வெட்டுபவர் மட்டும்தானா? அந்தத் தொழிலுக்குள் எப்படி வருவது?

வெட்டுவது சிறு பகுதிதான். ஒரே வசனத்துக்கு எடுக்கப்பட்ட பல டேக்குகளில் எதில் உயிர் இருக்கிறது என்று கண்டறிந்து, அதை எங்கே தொடங்கி எங்கே விடுவது என்று தீர்மானிப்பதே பெரும்பகுதி. இருவர் உரையாடும் காட்சியில், பேசுபவரின் முகத்தையே மாறி மாறிக் காட்டினால் அது வெறும் தகவலாக நின்றுவிடும். அவர் முடிக்கும் முன்பே கேட்பவரின் முகத்துக்குத் தாவி, வசனத்தின் மீதியை அந்த முகத்தின் மேல் ஒலிக்கவிட்டால், சொன்ன சொல் எப்படித் தைக்கிறது என்பது பார்வையாளருக்கு விளங்கிவிடும். நொடிக்கு 24 ஃபிரேம்கள் (அசையாத தனிப்படங்கள்) ஓடும் படத்தில் இந்தத் தாவல் நான்கைந்து ஃபிரேம்கள் முந்தினாலோ பிந்தினாலோ நல்ல நடிப்பும் செயற்கையாகத் தெரியக்கூடும். (ஒரே முகத்தின் உணர்ச்சி, அடுத்து வரும் ஷாட்டைப் பொறுத்து வேறாகத் தெரியும் என்பதைச் சுமார் நூறாண்டுகளுக்கு முன்பே ரஷ்ய இயக்குநர் லெவ் குலெஷோவ் சோதித்துப் பார்த்தார்.)

உதவியாளராகச் சேர்வதே இன்றும் வழக்கமான வழி. படப்பதிவையும் ஒலியையும் ஒத்திசைப்பது, ஷாட்டுகளைப் பெயரிட்டு அடுக்குவது, காப்புப் பிரதி எடுப்பது என்று வேலை சலிப்பூட்டினாலும், எடுக்கப்பட்ட அனைத்தையும் பார்க்கும் வாய்ப்பு அங்கேதான் கிடைக்கிறது. மென்பொருள் சில மாதங்களில் கைவந்துவிடும். இயக்குநர் ஆசையாக எடுத்த ஷாட் கதையைத் தடுக்கிறது என்று அவரிடமே பக்குவமாகச் சொல்லப் பழகுவதற்குத்தான், என் கணிப்பில், ஆண்டுகள் பிடிக்கின்றன. இடையில், மூத்தவர் தொகுத்த காட்சியையே அவர் அனுமதியோடு நீங்களும் தனியாகத் தொகுத்து இரண்டையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.