ஆதிரை என்ற பெயருக்கு என்ன பொருள்? பெண் குழந்தைக்கு வைக்கலாமா?

கேட்டவருக்குப் பெயர் பிடித்திருக்கிறது. "அது நட்சத்திரப் பெயர் ஆயிற்றே, அந்த நட்சத்திரத்தில் பிறக்காத பிள்ளைக்கு எப்படி வைப்பது?" என்று வீட்டுப் பெரியவர்கள் தடுக்கிறார்களாம். எங்கள் வீட்டில் இதே வழக்கு ஏழு ஆண்டுகளுக்கு முன்பு நடந்து முடிந்தது. என் மகள் பெயர் ஆதிரை. பிறந்தது விசாகத்தில்.

என் மாமியார் கேட்ட முதல் கேள்வியும் அதுதான். நான் பதிலுக்கு, "அத்தை, உங்கள் தங்கை ரேவதி எந்த நட்சத்திரம்?" என்றேன். பூரம் என்றார். பிறகு அவரே சிரித்துவிட்டார். ரோகிணி, சித்ரா, சுவாதி, அனுராதா, கார்த்திகா என்று நம் தெருவில் கூப்பிட்டால் பத்துப் பேர் திரும்பிப் பார்ப்பார்கள். அவர்களில் யாரும் ஜாதகத்தைப் பார்த்து அந்தப் பெயரை வாங்கியவர்கள் அல்லர். ஆதிரைக்கு மட்டும் ஏன் இந்தச் சோதனை என்றால், பெயர் இன்னும் காதுக்குப் பழகவில்லை, அவ்வளவுதான். மலையாளிகளுக்குப் பழகிவிட்டது. அங்கே ஆதிரா என்ற பெயரில் வகுப்புக்கு ஒருத்தியாவது இருப்பாள்.

பொருளுக்கு வருகிறேன். பெயர்ப் பட்டியல் போடும் தளங்களை நம்ப வேண்டாம். ஒன்றில் 'பிரார்த்தனை' என்று பார்த்தேன், இன்னொன்றில் 'மின்னல்', மூன்றாவதில் 'அழகானவள்'. எந்தப் பெயரைக் கொடுத்தாலும் அழகானவள் என்று சொல்லும் தளம் அது. ஆதிரை என்பது திருவாதிரை நட்சத்திரம். வடமொழியில் ஆர்த்ரா, ஈரமானது, நனைந்தது என்று பொருள். சித்ரா சித்திரை ஆனது போல ஆர்த்ரா தமிழ் நாவில் ஆதிரை ஆனது. 'தூய தமிழ்ப் பெயர்' என்று சொல்லி விற்பவர்களிடம் நான் சண்டைக்குப் போவதில்லை. சங்க நூலான பரிபாடலிலேயே இந்தச் சொல் இருக்கிறது: மழை ஓய்ந்த பனிக்காலத்தில், முழுநிலவு ஆதிரையோடு சேரும் நாளில் அந்தணர் விழாவைத் தொடங்க, கன்னிப் பெண்கள் விடியற்காலைக் குளிரில் வையையில் நீராடுகிறார்கள். இத்தனை நூற்றாண்டு இங்கே குடியிருந்த சொல்லிடம் இனி யாரும் முகவரிச் சான்று கேட்க வேண்டியதில்லை.

இருபத்தேழு நட்சத்திரங்களில் முன்னால் 'திரு' சேர்த்துச் சொல்வது இரண்டைத்தான். ஒன்று சிவனுக்கு உரிய ஆதிரை, மற்றது திருமாலுக்கு உரிய ஓணம். அப்பர் திருவாரூர் ஆதிரைத் திருநாளை ஒரு பதிகம் முழுக்கப் பாடியிருக்கிறார். மயிலாப்பூர்ப் பதிகத்தில் சம்பந்தர், இறந்துபோன பூம்பாவையிடம் ஆதிரை நாளைக் காணாமலே போகிறாயா என்று கேட்கிறார். மார்கழித் திருவாதிரைக்குச் சிதம்பரத்தில் ஆருத்ரா தரிசனம். வீடுகளில் களியும் ஏழுகறிக் கூட்டும். 'திருவாதிரைக்கு ஒரு வாய்க் களி' என்று என் மாமியாரே சொல்வார். நட்சத்திரம் ஆகாது என்று யாராவது இழுத்தால், ராஜேந்திர சோழன் பிறந்தது ஆடித் திருவாதிரை என்று சொல்லுங்கள். கங்கைகொண்ட சோழபுரத்தில் இன்றும் அதற்கு விழா எடுக்கிறார்கள்.

ஆனால் நான் இந்தப் பெயரை எடுத்தது வானத்திலிருந்து அல்ல, மணிமேகலையிலிருந்து.

அந்தக் காப்பியத்தில் ஆதிரை, புகார் நகரத்து வணிகன் சாதுவனின் மனைவி. அவன் ஒரு கணிகையிடம் போய்ச் சேர்ந்து, சூதாட்டத்தில் பொருளை எல்லாம் தொலைத்துவிட்டு, வெறுங்கையோடு கப்பல் ஏறுகிறான். கப்பல் உடைகிறது. ஒடிந்த மரத்துண்டைப் பற்றிக்கொண்டு நாகர் வாழும் மலைக்கரையில் ஒதுங்குகிறான். பிழைத்துத் திரும்பிய சிலர் சாதுவன் செத்தான் என்று ஊரில் சொல்லிவிட, ஆதிரை தீ வளர்க்கச் சொல்லி அதில் இறங்குகிறாள். தீ அவளைச் சுடவில்லை. பூசிய சந்தனம்கூட மாறவில்லை. 'தீயும் கொல்லாத் தீவினையாட்டியேன்' என்று அவள் அழுகிறாள். அதன் பிறகுதான், கணவன் உயிரோடு இருக்கிறான், சந்திரதத்தன் என்னும் வணிகனின் கப்பலில் வருவான் என்று வானத்திலிருந்து குரல் வருகிறது.

நாகர் மலையில் சாதுவனுக்கு நடந்தது வேறு வகையில் சுவையானது. தின்பதற்காக எழுப்பிய நாகர்களிடம் அவர்கள் மொழியிலேயே பேசுகிறான். அசந்துபோன தலைவன் கள்ளும் ஊனும் பெண்ணும் தரச் சொல்கிறான். ஊரில் எல்லாவற்றையும் தொலைத்த அதே ஆள் இப்போது வேண்டாம் என்கிறான். அவர்களுக்கு வினையும் மறுபிறப்பும் எடுத்துச் சொல்கிறான். இந்தப் பகுதியைப் படிக்கும்போதெல்லாம், இந்த அறிவைப் புகாரிலேயே காட்டியிருந்தால் அந்தப் பெண் தீயில் இறங்க வேண்டியிருக்காதே என்று எனக்குக் கோபம் வரும்.

பெரும்பாலோர் ஆதிரையை 'தீயும் சுடாத கற்பரசி' என்று சொல்லி நிறுத்திவிடுகிறார்கள். எனக்கு அந்தத் தீ வேண்டாம். அதற்காகவா ஒரு குழந்தைக்குப் பெயர் வைப்பேன்? அதன் பிறகு வருவதுதான் எனக்கு வேண்டியது. மணிமேகலை கையில் அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி என்னும் பாத்திரம் இருக்கிறது. முதல் பிச்சையை யாரிடம் வாங்குவது என்று தெரியவில்லை. காயசண்டிகை ஆதிரையின் வீட்டைக் காட்டுகிறாள். காட்டியவள் சாதாரண ஆள் அல்ல. எவ்வளவு தின்றாலும் அடங்காத யானைத்தீ என்னும் பசியால் ஆண்டுக்கணக்காகத் துடிப்பவள். மணிமேகலை அந்த வாசலில் 'புனையா ஓவியம் போல', வண்ணம் தீட்டாத சித்திரமாகப் பேசாமல் நிற்கிறாள். ஆதிரை தொழுது, வலம் வந்து, பாத்திரம் நிறைய இடுகிறாள். இடும்போது அவள் சொல்வது 'பாரகம் அடங்கலும் பசிப்பிணி அறுக'. தன் கணவனுக்கு ஒன்றும் கேட்கவில்லை, தனக்கும் கேட்கவில்லை. அந்தச் சோற்றிலிருந்துதான் அமுதசுரபி சுரக்கத் தொடங்குகிறது. முதலில் காயசண்டிகையின் பசியே தீர்கிறது. பெயரின் பொருள் என்ன என்று யாராவது கேட்டால் நான் சொல்வது இந்தக் கதையைத்தான்.

நட்சத்திரத்தையும் மகளுக்குக் காட்டியிருக்கிறேன். டிசம்பர், ஜனவரி மாதங்களில் முன்னிரவில் கிழக்கே பாருங்கள். மூன்று விண்மீன்கள் ஒரே கோட்டில் அடுக்கியது போல இருக்கும். அதற்கு இடப்புறம் சிவந்து தெரிவது ஆதிரை. ஆங்கிலத்தில் பீட்டல்ஜூஸ் என்பார்கள். நம் சூரியன் இருக்கும் இடத்தில் அதை வைத்தால் பூமியையும் செவ்வாயையும் விழுங்கிவிடும். 2019 கடைசியில் தொடங்கி 2020 பிப்ரவரி வரை அது வெறும் கண்ணுக்கே தெரியும் அளவுக்கு மங்கியது. வெடிக்கப் போகிறது என்று பேச்சுக் கிளம்பி, கடைசியில் அது கக்கிய தூசுதான் மறைத்தது என்று சொன்னார்கள். அப்போது எங்கள் வீட்டு ஆதிரை கைக்குழந்தை. "பெயர் வைத்த நேரம், நட்சத்திரமே மங்கிவிட்டது" என்று என் நாத்தனார் கேலி செய்தார்.

தொல்லை ஒன்றே ஒன்றுதான், அதையும் சொல்லிவிடுகிறேன். பள்ளியில் பிள்ளைகள் கொஞ்ச நாள் 'ஆத்திரம்' என்று கூப்பிட்டார்கள்; அது தானாக நின்றுவிட்டது. ஆங்கில எழுத்துதான் தீராத தலைவலி. முதல் எழுத்துக்கு ஒற்றை 'ஏ' போட்டுச் சான்றிதழ் வாங்கிவிட்டோம். அதைப் படிப்பவர்கள் எல்லோரும் 'அதிரை' என்கிறார்கள். அதிரை என்பது அதிராம்பட்டினத்துக்காரர்கள் தங்கள் ஊரைச் செல்லமாகச் சொல்லும் பெயர். ஒருமுறை மருந்துக்கடையில் பெயரைப் பார்த்துவிட்டு, "நீங்கள் நம் ஊரா?" என்று ஒருவர் அவ்வளவு ஆசையாகக் கேட்டார், இல்லை என்று சொல்லவே மனம் வரவில்லை. பிறப்புச் சான்றிதழுக்கு எழுதிக் கொடுக்கும்போது மறக்காமல் இரண்டு 'ஏ' போடுங்கள்.