ஆஸ்ட்ரோ பாய் நடக்கும் சத்தம்: ஓனோ மட்சுவோ பற்றிக் கேள்வி பதில்

கேள்வி: ஜப்பானிய கார்ட்டூன் தொடரின் ரோபோ சிறுவன் ஆஸ்ட்ரோ பாய் நடக்கும்போது 'பியோக் பியோக்' என்று வருமே, அது எந்தக் கருவி?

பதில்: மூலம் மரிம்பா, மரக்கட்டைகளைக் கோலால் தட்டி வாசிக்கும் வாத்தியம். தொடருக்கு ஒலி அமைத்த ஓனோ மட்சுவோ அதை டேப்பில் பதிந்து, டேப்பிலேயே உருமாற்றினார். ஃபுஜி டிவியில் தொடர் தொடங்கியது 1963 ஜனவரி 1. கம்ப்யூட்டரில் ஒலி வெட்டும் காலமா அது? டேப் ரெக்கார்டரும், மின்சாரத்தால் ஒலி எழுப்பும் ஆசிலேட்டரும்தான் துணை.

கேள்வி: டேப்பை வெட்டினால் சத்தம் எப்படி மாறும்?

பதில்: ஸ்டூடியோ டேப் வழக்கமாக நொடிக்கு 38 செ.மீ. ஓடும். கால் நொடிச் சத்தம் ஏறக்குறைய ஒரு விரல் நீளம். கையில் பிடித்தே பார்க்கலாம். மணியோசையில் அடி விழும் முதல் துண்டை நறுக்கிவிடுங்கள், மணி என்றே தெரியாது. வேகமாக ஓட்டினால் சுருதி ஏறும். திருப்பி ஓட்டினால், தேய வேண்டிய சத்தம் வளரும். இரண்டு முனைகளையும் ஒட்டி வளையமாக்கினால் ஓயாமல் சுற்றும்.

ஆனால் நுட்பத்தைவிட ஓனோவின் காது பெரியது. இரும்புப் பையன்தானே என்று 'டணார் டணார்' போட்டிருக்கலாம். அவர் போட்டதோ எந்தக் காலும் எழுப்பாத சத்தம். கேட்டால் குழந்தை நடக்கிறது என்றே மனம் நம்புகிறது! எத்தனை முறை கேட்டாலும் எனக்கு வியப்பு அடங்கவில்லை.

கேள்வி: இதையெல்லாம் எங்கே கற்றார்?

பதில்: 1930-இல் பிறந்தவர். புங்காகுசா நாடகக் குழுவில் ஒலி வேலை, அப்புறம் ஜப்பானின் பொது ஒலிபரப்பு நிறுவனமான என்ஹெச்கேயின் ஒலிப் பிரிவு. அங்கே நிலைக்காமல் தனியே வந்துவிட்டார். ஜப்பானில் இந்தத் தொழிலுக்கு மேடைதான் தாய்வீடு. கபுகி என்னும் மரபு நாடகத்தில் கடலலை வேண்டுமென்றால் பின்னிய கூடையில் அசுகி என்னும் சிவப்புப் பயறு போட்டுச் சாய்ப்பார்கள். நான் முறத்தில் காராமணி போட்டுப் பார்த்தேன். அவசரமாகச் சாய்த்தால் வெறும் பயறுதான் கேட்கிறது. மூச்சுவிடும் வேகத்தில் சாய்த்தால் அலை வந்து, மணலை இழுத்துக்கொண்டு போகிறது.

கேள்வி: இன்று இந்த வேலையில் சேர வழி?

பதில்: ஒலி விளைவு வேலையை ஜப்பான் டிவிக்காரர்கள் சுருக்கமாக 'ஓன்கோ' என்பார்கள். தொழிற்கல்லூரி முடித்து ஒலி நிறுவனத்தில் உதவியாளராகச் சேர்வது வழக்கம். பின்னணி இசையைத் தேர்ந்து போடுவதும் பெரும்பாலும் இவர்கள் தலையில்தான்.

கேள்வி: தொடர் முடிந்தபின் ஓனோ என்ன ஆனார்?

பதில்: தொடர் 1966-இல் முடிந்தது. 1985-இல் ஜப்பானின் சுகுபாவில் நடந்த உலகக் கண்காட்சியின் அரங்குகளுக்கு ஒலி அமைத்தார். ஷிகா மாநிலத்தில் அறிவுத்திறன் குறைபாடு உள்ளவர்கள் வாழும் இல்லம் ஒன்று உண்டு. அவர்கள் போடும் நாடகத்துக்குப் பல ஆண்டுகள் ஒலி அமைத்துக் கொடுத்தவரும் இவரே. 2022-இல் காலமானார்.