கடைசியில் நிற்பதெல்லாம் குடும்பப் பெயரா?

வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: ருஷ்ய நாவல்களைத் தமிழில் படிக்கும்போது ஒரே ஆள் நாலு பெயரில் வருகிறார். யார் யார் என்று எப்படிப் பிடிப்பது? (கும்பகோணம்)

பதில்: ருஷ்யருக்கு மூன்று பெயர்: சொந்தப் பெயர், தந்தைவழிப் பெயர், குடும்பப் பெயர். முதல் விண்வெளி வீரரின் முழுப்பெயர் யூரி அலெக்சேயெவிச் ககாரின், அப்பா அலெக்சேய். முதல் விண்வெளி வீராங்கனை வாலந்தீனா விளாதீமிரவ்னா தெரெஷ்கோவாவின் அப்பா விளாதீமிர். நடுப்பெயர் ஆணுக்குப் பெரும்பாலும் ‘ஓவிச்’, ‘எவிச்’ என்றும், பெண்ணுக்கு ‘ஓவ்னா’, ‘எவ்னா’ என்றும் முடியும். இல்யா போன்ற சில பெயர்கள் மட்டும் ‘இலியீச்’ என்று குறுகும். லெனினின் அப்பா இல்யா. அதனால்தான் அவர் விளாதீமிர் இலியீச்.

குடும்பப் பெயரும் பெண்ணுக்கு மாறும். இவனோவின் மகள் இவனோவா. ‘ஸ்கி’ என்று முடிவது ‘ஸ்கயா’ ஆகும். ‘எங்கோ’ என்று முடியும் உக்ரேனியப் பெயர்கள் மாறாது.

உண்மையில் குழப்புவது நாலாவதாக வரும் செல்லப்பெயர். அலெக்சாந்தர் வீட்டில் சாஷா, ஷூரா. பெண்ணான அலெக்சாந்திராவும் சாஷாதான்! திமீத்ரி என்றால் மீத்யா, இவான் என்றால் வான்யா, மரீயா என்றால் மாஷா. புத்தகத்தில் ஒரு துண்டுத்தாள் செருகி, ஆளுக்கு ஒரு வரியாக இந்த நான்கையும் எழுதிக்கொண்டே படியுங்கள். முதல் ஐம்பது பக்கம் தாண்டிவிட்டால் தாள் தேவைப்படாது.

அதற்குள் இன்னொன்றும் பிடிபடும். ஆசிரியரையும் மேலதிகாரியையும் சொந்தப் பெயரும் தந்தைவழிப் பெயரும் சேர்த்துத்தான் அழைப்பார்கள்; நம் ‘ஐயா’, ‘சார்’ செய்யும் வேலையை அது செய்கிறது. வீட்டாரும் நண்பரும் செல்லப்பெயரில் கூப்பிடுவார்கள். வெறும் குடும்பப் பெயரில் கூப்பிட்டால் அங்கே அரசு அலுவலகமோ பட்டாளமோ வகுப்பறையோ இருக்கிறது. நேற்றுவரை ‘மீத்யா’ என்றவள் இன்று ‘திமீத்ரி இவானவிச்’ என்றால் இருவருக்கும் ஏதோ மனஸ்தாபம். மொழிபெயர்ப்பாளர் இதைச் சுருக்கி ஒரே பெயராக்கிவிட்டால், வாசகருக்கு வசதி, நாவலுக்கு நட்டம்.

கேள்வி: மகள் அமெரிக்காவில் மேற்படிப்புக்குப் போகிறாள். பாஸ்போர்ட்டில் ‘கவிதா’ என்று மட்டும் இருக்கிறது. அப்பா பெயர் ராமசாமி. சிக்கல் வருமா? (நாமக்கல்)

பதில்: வரும். இந்தியப் பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர்க் கட்டத்தைக் காலியாக விடலாம். ஆனால் அமெரிக்க விசா விண்ணப்பத்தில் அந்தக் கட்டம் காலியாக இருக்கக் கூடாது. அதனால் ‘கவிதா’ குடும்பப் பெயர் ஆகிவிடும். சொந்தப் பெயர்க் கட்டத்தில் ‘எஃப்.என்.யு.’ என்று போடச் சொல்வார்கள். முதல் பெயர் தெரியாது என்பதன் சுருக்கம் அது. அங்கே போனபின் ஓட்டுநர் உரிமம், வங்கிக் கணக்கு, சம்பளச் சீட்டு என்று எல்லாவற்றிலும் அந்த மூன்றெழுத்தே பெயராகத் தொற்றிக்கொள்ளும்.

விசாவுக்கு முன்பே பாஸ்போர்ட்டை மறுவெளியீட்டுக்குக் கொடுத்து, விவரத் திருத்தம் என்ற வகையில் பிரித்து எழுதுங்கள்: சொந்தப் பெயர் கவிதா, குடும்பப் பெயர் ராமசாமி. எழுத்துக்கூட்டல் பள்ளிச் சான்றிதழோடு ஒத்திருக்கட்டும். பலர் இரண்டு இடத்தில் சறுக்குகிறார்கள். ‘கவிதா ராமசாமி’ முழுவதையும் சொந்தப் பெயர்க் கட்டத்திலேயே எழுதினால் குடும்பப் பெயர் மறுபடியும் காலி. இனிஷியல் முன்னால் வரும் பழக்கத்தில் ராமசாமியைச் சொந்தப் பெயராகப் போட்டால், பேராசிரியர் வகுப்பில் உங்கள் மகளை ‘ராமசாமி’ என்றே கூப்பிடுவார்.

புதிய பாஸ்போர்ட் கைக்கு வந்ததும் புகைப்படப் பக்கத்தின் அடியில் உள்ள இரண்டு வரிகளைப் பாருங்கள். வரிக்கு 44 எழுத்து. இயந்திரம் படிப்பது அதைத்தான். நாட்டுக் குறிக்குப் பின் ராமசாமி, இரண்டு கோணக்குறி (<<), பிறகு கவிதா என்ற வரிசை இருக்க வேண்டும். விமானச் சீட்டும் அதே போல எடுங்கள். துபாய் வழியாகப் போனாலும் இந்தத் திருத்தம் நல்லதுதான்: ஒற்றைச் சொல் பெயரோடு சுற்றுலா விசாவில் வருவோருக்கு ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் கட்டுப்பாடு கொண்டுவந்தது.

கேள்வி: நூலகத்தில் கார்சியா மார்க்கேஸ் ‘மா’ வரிசையிலா, ‘கா’ வரிசையிலா? (மதுரை)

பதில்: ‘கா’. ஸ்பானிய மரபில் அப்பாவின் குடும்பப் பெயர் முன்னால், அம்மாவுடையது பின்னால். கார்சியாதான் தந்தை வழி. போர்ச்சுகலிலும் பிரேசிலிலும் வழக்கமாக இது தலைகீழ். கால்பந்து வீரர் கிறிஸ்டியானோ ரொனால்டோ தோஸ் சாந்தோஸ் அவெய்ரோவுக்கு அப்பா வழி அவெய்ரோ, அம்மா வழி தோஸ் சாந்தோஸ். ரொனால்டோ குடும்பப் பெயரே இல்லை, அவருக்கு வைத்த சொந்தப் பெயர்.

கேள்வி: கொரியாவில் பார்ப்பவரெல்லாம் கிம்மாக இருக்கிறார்களே? அவர்களின் ராணி தமிழ்ப்பெண் என்றும் வாட்ஸ்அப்பில் வருகிறதே? (கோவை)

பதில்: தென்கொரியாவில் ஐந்தில் ஒருவருக்கு மேல் கிம்தான். முற்காலத்தில் குடும்பப் பெயர் மேல்தட்டினரின் உடைமை. ஜோசன் அரசின் பிற்பகுதியில் வசதி வந்த சாமானியர்கள் வம்சாவளிப் பதிவேடுகளை விலைக்கு வாங்கிப் பெருங்குடிகளில் ஒட்டிக்கொண்டார்கள். பின்னர் எல்லோரும் பதிவு செய்ய வேண்டிய காலம் வந்தபோது, பெயரில்லாதவர்களும் கௌரவமான பெயராகப் பார்த்து எடுத்தார்கள்.

ஆனால் எல்லாக் கிம்மும் பங்காளி இல்லை. கிம்ஹே கிம், கியோங்ஜு கிம் என்று பூர்வீக ஊரால் பிரிவார்கள். நம்மூர் குலம், கோத்திரம் போல. ஒரே ஊர், ஒரே பெயர் என்றால் திருமணத்துக்குச் சட்டத் தடையே இருந்தது. 1997-இல் அரசமைப்பு நீதிமன்றம் அது செல்லாது என்றது. 2005-இல் சட்டமும் திருந்தியது.

ராணி விஷயம்: 13-ஆம் நூற்றாண்டின் ‘சம்குக் யூசா’ என்ற கொரிய நூல், ஹோ ஹ்வாங்-ஓக் என்ற இளவரசி ‘அயுதா’ நாட்டிலிருந்து கப்பலில் வந்து மன்னர் சூரோவை மணந்தாள் என்கிறது. அதில் தமிழகமும் இல்லை, பாண்டியரும் இல்லை. மற்றதெல்லாம் பிற்காலத்தார் சேர்த்தது.

கேள்வி: ஆங்கிலேயரில் இத்தனை ஸ்மித் ஏன்? (சிவகாசி)

பதில்: ஸ்மித் என்றால் கொல்லர். உழவர் ஊர் முழுக்க இருப்பார்கள். ‘உழவர் ஜான்’ என்றால் ஆள் அடையாளம் தெரியாது. கொல்லர் ஊருக்கு ஒருவரோ இருவரோதான், அதனால் தொழில் பெயரே அடையாளமாக நிலைத்தது. ஜெர்மனியில் ஷ்மிட், ருஷ்யாவில் குஸ்னெத்சோவ், அரபு நாடுகளில் ஹத்தாத், ஹங்கேரியில் கோவாச், எல்லாம் அதே பட்டறைதான். கோவாச்சை மட்டும் பெயரின் கடைசியில் தேடாதீர்கள். ஹங்கேரியர் குடும்பப் பெயரை முதலில் எழுதுவார்கள்.