சிக்னல்காரர் பதில்கள்: எனிக்மா இயந்திரம் பற்றிய கேள்விகள்

சென்ற இதழில் ஒரு வாசகருக்குப் பதில் சொல்லும்போது, இரண்டாம் உலகப்போரில் ஜெர்மானியர்கள் வைத்திருந்த எனிக்மா என்ற சங்கேத இயந்திரத்தைப் பற்றி நான்கு வரி எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு வடாற்காட்டின் பல ஊர்களிலிருந்து கடிதங்கள் வந்திருக்கின்றன. ராணுவத்தின் சிக்னல் பிரிவில் ஹெட்ஃபோனும் மோர்ஸ் சாவியுமாக வாழ்ந்தவன் நான். இதைவிட மனத்துக்கு நெருக்கமான கேள்விகளை யாரும் என்னிடம் கேட்டதில்லை. மற்றக் கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவைத்துவிட்டு, இம்முறை பக்கம் முழுவதையும் இதற்கே ஒதுக்குகிறேன்.

கேள்வி: எனிக்மாவில் கோடிக்கணக்கான அமைப்புகள் சாத்தியம் என்கிறார்கள். கம்ப்யூட்டர் இல்லாத காலத்தில் அதை எப்படி உடைத்தார்கள்?
– கணிதம் படிக்கும் கல்லூரி மாணவி, குடியாத்தம்

பதில்: முதலில் இயந்திரத்தைப் பார்த்துவிடுவோம், அம்மா. மரப்பெட்டிக்குள் ஒரு சிறிய தட்டச்சுப் பொறி. 26 விசைகள், அவற்றுக்குப் பின்னால் 26 சிறு விளக்குகள். ஒரு விசையை அழுத்தினால் மின்சாரம் மூன்று சக்கரங்களுக்குள் இருக்கும் கம்பிகள் வழியே போகும். கடைசியில் இருக்கும் ஒரு தட்டு அதைத் திருப்பி அனுப்பும். அது மறுபடியும் சக்கரங்களைக் கடந்து வந்து வேறோர் எழுத்தின் விளக்கை எரியவைக்கும். ஒவ்வோர் அழுத்தத்துக்கும் முதல் சக்கரம் ஒரு படி நகர்கிறது. வீட்டு மின்சார மீட்டரில் ஒன்றாம் இலக்கம் ஒரு சுற்று முடித்ததும் பத்தாம் இலக்கம் நகர்வதுபோல, அடுத்த சக்கரமும் நகர்கிறது. அதனால் ஒரே எழுத்தை மூன்று முறை அழுத்தினால் மூன்று வேறு எழுத்துகள் கிடைக்கலாம்.

ஐந்து சக்கரங்களில் மூன்றைத் தேர்ந்தெடுத்து வரிசையாக மாட்ட 60 வழிகள். தொடக்க நிலைகள் 17,576. முன்பக்கப் பலகையில் 10 கம்பிகளைச் செருகி எழுத்துகளை இணை இணையாக மாற்றிக்கொள்ள 150 லட்சம் கோடிக்கும் அதிகமான வழிகள். எல்லாவற்றையும் பெருக்கினால் ஏறத்தாழ 15.9 லட்சம் கோடி கோடி. இந்த அமைப்பை நள்ளிரவில் மாற்றிவிடுவார்கள். மறுநாள் எல்லாம் புதிது.

இவ்வளவையும் யாரும் ஒவ்வொன்றாகச் சோதிக்கவில்லை. மின்சாரத்தைத் திருப்பி அனுப்பும் அந்தத் தட்டால் இயந்திரத்துக்கு ஒரு குறை வந்து சேர்ந்தது. எந்த எழுத்தும் தன்னுடைய எழுத்தாகவே வெளிவர முடியாது. இ-யை அழுத்தினால் இ தவிர வேறு எதுவும் வரலாம், இ மட்டும் வராது. சங்கேதத்தை உடைத்தவர்கள் பிடித்துக்கொண்டது அதைத்தான்.

நீங்களே ஒரு காகிதத்தில் செய்து பார்க்கலாம். வானிலைக்கு ஜெர்மன் சொல் ‘வெட்டர்’. எழுத்தெழுத்தாக டபிள்யூ, இ, டி, டி, இ, ஆர். காலையில் வரும் ஒரு செய்தி வானிலை அறிக்கை என்று தெரிந்தால், இந்தச் சொல் அதில் எங்கோ இருக்கும். காற்றில் பிடித்த சங்கேத வரி கே, இ, எம், பி, ஜே, எஸ், என், யூ என்று தொடங்குவதாக வைத்துக்கொள்ளுங்கள். இது நான் சொல்லும் உதாரணம்தான். ஆறு எழுத்துச் சொல்லை ஒரு துண்டுக் காகிதத்தில் எழுதி அந்த வரியின் கீழே வையுங்கள். இரண்டாம் இடத்தில் இ-க்கு நேர் கீழே இ வந்து நிற்கிறது. ஆகவே சொல் இங்கே இல்லை. துண்டை ஓரிடம் வலப்பக்கம் தள்ளுங்கள். இப்போது எந்த எழுத்தும் தன் எழுத்தோடு மோதவில்லை. இங்கே இருக்கலாம்.

இப்படிக் கிடைத்த ஊகத்தை ‘பாம்ப்’ என்ற பெரிய இயந்திரத்தில் ஏற்றினார்கள். ஊகத்தோடு முரண்படும் சக்கர நிலைகளையெல்லாம் அது தள்ளிவிட்டு, முரண்படாத சிலவற்றில் மட்டும் நிற்கும். அந்தச் சிலவற்றை மனிதர்கள் உட்கார்ந்து சோதித்தார்கள். உங்கள் பாடத்திட்டத்தில் வரிசைமாற்றங்கள் என்றொரு பகுதி இருக்கும். அதை மட்டும் தேர்வுக்காக மனப்பாடம் செய்யாதீர்கள், தயவுசெய்து. அடுத்த பதிலில் வரும் மனிதர் அதை வைத்துத்தான் உள்ளே நுழைந்தார்.

கேள்வி: எல்லாவற்றையும் ஆலன் டூரிங் ஒருவரே கண்டுபிடித்தார் என்று என் பேரன் சொல்கிறான். அது சரியா?
– பட்டு நெசவாளர், ஆரணி

பதில்: சரியில்லை, ஐயா. டூரிங் மாமேதை, அதில் சந்தேகமே வேண்டாம். ஆனால் அவர் லண்டனுக்கு வடமேற்கே, எதிரியின் சங்கேதங்களை உடைக்க பிரிட்டன் நடத்திய பிளெட்ச்லி பார்க் என்ற மையத்துக்கு வந்து சேர்ந்தது 1939 செப்டம்பர் 4. அதற்கு ஏறத்தாழ ஏழு ஆண்டுகளுக்கு முன்பே, 1932 டிசம்பரில், போலந்தின் மரியான் ரெயெவ்ஸ்கி சக்கரங்களுக்குள் கம்பிகள் எப்படிப் பின்னியிருக்கின்றன என்பதைக் கணக்கிலேயே கண்டுபிடித்துவிட்டார். ராணுவ எனிக்மாவை அவர் கண்ணால் பார்த்ததில்லை. ஜெர்மானிய அலுவலர் ஒருவர் பிரெஞ்சு உளவுத்துறைக்கு விற்ற சில தாள்கள் அவர் கைக்கு வந்தன. மீதியெல்லாம் கணிதம்.

அவருக்குப் பிடி கொடுத்தது ஜெர்மானியரின் ஒரு வழக்கம். ஒவ்வொரு செய்தியின் தொடக்கத்திலும், சக்கரங்களின் தொடக்க நிலையைச் சொல்லும் மூன்று எழுத்துச் சாவியை எனிக்மாவில் இரண்டு முறை தட்டி, வந்த ஆறு சங்கேத எழுத்துகளை அனுப்பினார்கள். வயர்லெஸ்ஸில் ஓர் எழுத்து தவறினாலும் மறுமுனையில் இருப்பவன் சரிபார்த்துக்கொள்ளட்டும் என்ற நல்லெண்ணம்தான். அவற்றின் மூலத்தில் முதல் எழுத்தும் நான்காம் எழுத்தும் ஒன்றே, இரண்டாவதும் ஐந்தாவதும் ஒன்றே என்று தெரிந்துவிட்டால் போதாதா? ஒருநாள் செய்திகளை அடுக்கிவைத்துப் பார்த்து, எழுத்துகள் ஒன்றையொன்று சுற்றிவரும் வளையங்களை அவர் கண்டார்.

அவரோடு ஹென்ரிக் ஸிகால்ஸ்கி, யெர்ஸி ரூஸிட்ஸ்கி என்று இன்னும் இருவர். மூவரும் போஸ்னான் பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்தவர்கள். 1939 ஜூலையில், போர் மூள்வதற்குச் சில வாரங்களே இருந்தபோது, வார்சாவுக்கு அருகே பைரி காட்டில் பிரிட்டிஷ், பிரெஞ்சு அலுவலர்களை அழைத்துத் தங்களுக்குத் தெரிந்ததையெல்லாம் கொடுத்துவிட்டார்கள். தாங்களே செய்த எனிக்மா நகல்களையும் சேர்த்துக் கொடுத்தார்கள். டூரிங்கும், அவருடைய பாம்ப் இயந்திரத்தின் திறனைப் பல மடங்கு உயர்த்திய கோர்டன் வெல்ச்மனும் அந்த அடித்தளத்தின் மேல் கட்டினார்கள்.

இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஆற்றாமைதான் மிஞ்சும். ரூஸிட்ஸ்கி 1942இல் கப்பல் மூழ்கி இறந்தார். மற்ற இருவரும் 1943இல் எப்படியோ தப்பி பிரிட்டன் போய்ச் சேர்ந்தார்கள். அங்கே அவர்களுக்கு எனிக்மா வேலை தரப்படவில்லை; வேறு சில்லறைச் சங்கேதங்களைக் கொடுத்தார்கள். போருக்குப் பிறகு ரெயெவ்ஸ்கி ஊர் திரும்பி ஒரு தொழிற்சாலையில் கணக்கெழுதினார். உங்கள் பேரனிடம் அந்த மூன்று பெயர்களையும் எழுதிக்கொடுங்கள்.

கேள்வி: என் மகன் சிக்னல் பிரிவில் சிப்பாய். இந்தக் கதைகளில் எல்லாம் மேதைகள்தான் வருகிறார்கள். சாதாரண சிப்பாய்க்கு இதில் என்ன வேலை இருந்தது?
– ராணுவ வீரரின் தந்தை, கம்மவான்பேட்டை

பதில்: வீட்டுக்கு வீடு ராணுவத்துக்கு ஆள் அனுப்பிய ஊரிலிருந்து இந்தக் கேள்வி வந்ததில் எனக்கு மகிழ்ச்சி. மேதைகளின் மேஜைக்குச் செய்தி தானாக வந்துவிடவில்லை. ஸ்கார்பரோ, சிக்சாண்ட்ஸ், போமேனர் போன்ற இடங்களில் ஆண்களும் பெண்களும் இரவு பகலாக ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, எதிரியின் மோர்ஸைக் கேட்டு பென்சிலால் எழுதினார்கள். எழுதிய தாள்கள் மோட்டார் சைக்கிளிலும் டெலிபிரிண்டரிலும் பிளெட்ச்லி பார்க்குக்குப் போயின.

அந்த வேலை எத்தகையது என்பதைச் செய்தவன் சொல்ல வேண்டும். சாதாரணச் செய்தியென்றால் காதில் பாதி விழுந்தாலும் மீதியை மனம் நிரப்பிக்கொள்ளும். ‘வேலூ’ என்று கேட்டால் ‘ர்’ தானாக வந்துவிடும். சங்கேதச் செய்தியில் அந்த உதவி கிடையாது. ஐந்தைந்து எழுத்துகளாக, எந்தப் பொருளும் இல்லாமல் வந்துகொண்டே இருக்கும். நடுவில் இரைச்சல். பக்கத்து அலைவரிசையில் இன்னொருவன் தட்டுவதும் சேர்ந்து கேட்கும். எதிரி உங்களுக்காக இன்னொரு முறை அனுப்பப்போவதில்லை. ஜபல்பூர் பயிற்சி மையத்தில் எங்கள் உஸ்தாத் திரும்பத் திரும்பச் சொன்னது ஒன்றுதான்: “கேட்காத எழுத்தை எழுதாதே, இடத்தை விடு.”

எனிக்மாவில் அதன் அருமை இன்னும் கூடுதல். ஓர் எழுத்தைத் தவறாக எழுதினால் அந்த ஓர் எழுத்துதான் கெடும். ஓர் எழுத்தை விட்டுவிட்டு, விட்டதும் தெரியாமல் தொடர்ந்து எழுதினாலோ, அதற்குப் பின் உள்ள அத்தனையும் கெட்டுவிடும். சக்கரம் ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு படி நகர்கிறதல்லவா? அங்கே ஒரு படி தவறிவிடுகிறது. இடம் விட்டு எழுதியவனின் தாளை வைத்து வேலை செய்யலாம். ஊகித்து நிரப்பியவனின் தாளை நம்பி பாம்ப் இயந்திரத்தை ஓட்டினால், சரியான விடையையே அது முரண்பாடு என்று தள்ளிவிடக்கூடும்.

இன்னொன்றும் உண்டு. ஒவ்வொருவரும் மோர்ஸ் தட்டுவதில் ஒரு தனி நடை இருக்கும். பழகிய காதுக்கு, தட்டுபவன் பெயர் தெரியாவிட்டாலும் ஆள் தெரிந்துவிடும். ஜெர்மன் ஆபரேட்டர்களை அப்படி அடையாளம் கண்டு, நேற்று அங்கே இருந்தவன் இன்று இங்கே தட்டுகிறான், படை நகர்ந்திருக்கிறது என்று சொன்னவர்கள் இந்தக் கேட்பவர்கள்தான். எதிரிப் பக்கத்திலும் சாதாரண ஆபரேட்டரின் பழக்கமே கதவைத் திறந்துவிட்டது. காதலியின் பெயரைச் சாவியாக வைப்பது, காலையில் அன்றைய அமைப்பை வைத்த பிறகு சக்கரங்களை நன்றாகச் சுழற்றாமல் அதற்கு அருகிலேயே சோம்பலாக விட்டுவிடுவது, “குறிப்பிடத்தக்கது எதுவும் இல்லை” என்ற அதே வாக்கியத்தைத் தினமும் அனுப்புவது. உங்கள் மகனுக்கு இந்தப் பக்கத்தை அனுப்பிவையுங்கள், ஐயா.

கேள்வி: இந்த வேலையில் பெண்கள் இருந்தார்களா?
– ஒன்பதாம் வகுப்பு மாணவி, ராணிப்பேட்டை

பதில்: பிளெட்ச்லி பார்க்கில் முக்கால்வாசிப் பேர் பெண்கள், கண்ணு! மேவிஸ் லீவர் என்ற பத்தொன்பது வயதுப் பெண்ணும் அவருடைய தோழிகளும் இத்தாலியக் கடற்படையின் எனிக்மாவை உடைத்ததால்தான், 1941 மார்ச்சில் மட்டபன் முனையில் பிரிட்டிஷ் கப்பற்படை முன்கூட்டியே தயாராக இருந்தது. இத்தாலிக்கு மூன்று பெரிய போர்க்கப்பல்கள் போயின.

அவர் செய்த இன்னொரு காரியம் எனக்கு மிகவும் பிடித்தது. ஒரு நீளமான செய்தியைப் பார்த்தவர், அதில் எல் என்ற எழுத்து ஓரிடத்தில்கூட இல்லை என்று கவனித்தார். மற்ற எழுத்தெல்லாம் இருக்க, எல் மட்டும் எங்கே போயிற்று? எந்த எழுத்தும் தானாக வெளிவராது என்ற விதியை நினைத்துக்கொள். போலிச் செய்தி ஒன்று அனுப்பச் சொன்னதற்கு, அந்த இத்தாலிய ஆபரேட்டர் விசைப்பலகையின் கோடியில் இருந்த எல்-லை மட்டும் அழுத்திக்கொண்டே இருந்திருக்கிறான். செய்தி முழுவதற்கும் விடை கையில் கிடைத்துவிட்டது. அதை வைத்து ஒரு புதிய சக்கரத்தின் உட்கம்பிகளையே கண்டுபிடித்தார்கள். நூறு பேர் பார்த்த தாளில் இல்லாத ஒன்றைப் பார்ப்பதற்குத் தனிக் கண் வேண்டும்.

கேள்வி: இதனால் போர் இரண்டு ஆண்டுகள் முன்னதாக முடிந்தது என்பது உண்மையா?
– தோல் வியாபாரி, வாணியம்பாடி

பதில்: பிளெட்ச்லி பார்க்கிலேயே பணியாற்றி, பின்னர் வரலாற்றாசிரியரான ஹாரி ஹின்ஸ்லியின் கணிப்பு அது. நடக்காத ஒன்றை அளக்கக் கோல் கிடையாது. அட்லாண்டிக்கில் நீர்மூழ்கிகள் காத்திருக்கும் இடம் தெரிந்து கப்பல்களை வேறு வழியில் திருப்பினார்கள் என்பது மட்டும் உறுதி.

கேள்வி: எல்லாம் அறைக்குள் உட்கார்ந்து செய்த வேலைதானா? உயிரைக் கொடுத்தவர்கள் உண்டா?
– ஓய்வு பெற்ற ரயில்வே ஊழியர், காட்பாடி

பதில்: உண்டு. 1942 பிப்ரவரி 1 அன்று ஜெர்மன் நீர்மூழ்கிகள் தங்கள் எனிக்மாவில் நான்காவது சக்கரம் ஒன்றைச் சேர்த்தன. பத்து மாதங்களுக்கு பிளெட்ச்லி பார்க்குக்கு அட்லாண்டிக் இருண்டுபோனது. அக்டோபர் 30 இரவு, மத்தியதரைக் கடலில் எகிப்துக் கரைக்கு அப்பால் யு-559 என்ற நீர்மூழ்கியைப் பிரிட்டிஷ் கப்பல்கள் தாக்கி மேலே வரவைத்தன. மூழ்கிக்கொண்டிருந்த அந்தக் கலத்துக்குள் டோனி ஃபாசன் என்ற அதிகாரியும் காலின் கிரேசியர் என்ற மாலுமியும் இறங்கி, சங்கேதப் புத்தகங்களை எடுத்து மேலே கொடுத்தார்கள். வாங்கியவன் டாமி பிரவுன், கப்பல் கேன்டீனில் வேலை செய்த பதினாறு வயதுப் பையன். அவன் தப்பினான்; உள்ளே இருந்த இருவரும் கலத்தோடு போனார்கள். அந்த நனைந்த புத்தகங்களை வைத்துத்தான் டிசம்பர் 13 அன்று நான்கு சக்கரச் சங்கேதம் மறுபடியும் திறந்தது.

கேள்வி: இந்தியர்களுக்கு இதில் தொடர்பு உண்டா?
– பள்ளி ஆசிரியர், ஆற்காடு

பதில்: எனிக்மாவில் அல்ல, ஜப்பானியச் சங்கேதங்களில் உண்டு. டெல்லி ஆனந்த் பர்பத்தில், ராம்ஜஸ் கல்லூரிக் கட்டடத்தில், வயர்லெஸ் எக்ஸ்பெரிமென்டல் சென்டர் என்ற பெயரில் பிளெட்ச்லி பார்க்கின் கிளை ஒன்று இயங்கியது. ஜப்பானிய ராணுவத்தின் கப்பல் போக்குவரத்துச் சங்கேதத்தை 1943இல் உடைத்ததில் அதற்குப் பங்கு உண்டு. அதன் துணை நிலையம் ஒன்று பெங்களூரில் இருந்தது. காட்பாடியில் ரயில் ஏறினால் சில மணி நேரப் பயணம்தான். அந்த நிலையங்களில் இந்திய ராணுவத்தினரும் பணியாற்றினார்கள்.

நம் வேலூர் லாங் பஜார் மணிக்கூண்டில் முதல் உலகப்போருக்குப் போனவர்களுக்குக் கல்வெட்டு இருக்கிறது. இரண்டாம் போரில் ஹெட்ஃபோன் மாட்டி உட்கார்ந்தவர்களுக்கு அப்படி ஒன்றை நான் எங்கும் பார்த்ததில்லை. வாய் திறக்கக் கூடாது என்ற உறுதிமொழியோடு வீடு திரும்பியவர்கள் அவர்கள். உங்கள் தாத்தாவோ பெரியப்பாவோ 1939 முதல் 1945 வரை சிக்னல் பிரிவில் இருந்திருந்தால், பழைய டிரங்குப் பெட்டியைத் திறந்து பாருங்கள். சம்பளப் புத்தகம், டிஸ்சார்ஜ் சான்றிதழ், யூனிட் புகைப்படம் எது கிடைத்தாலும் அதன் பிரதியை இந்தப் பகுதிக்கு அனுப்புங்கள். அசலை அனுப்ப வேண்டாம். புகைப்படமாக இருந்தால், பின்பக்கத்தில் எழுதியிருப்பதையும் சேர்த்துப் பிரதி எடுங்கள்; யூனிட்டின் பெயர் பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.