வண்டிச் சக்கரம் போன்ற விமான எஞ்சின்

மன்னார்குடி வாசகர்: இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் தஞ்சாவூர் விமானத் தளத்தில் பார்த்த விமானங்களின் மூக்கில், சிலிண்டர்கள் பூவிதழ்களைப்போல வட்டமாக விரிந்திருந்தன என்று என் தாத்தா சொல்வார். எங்கள் வயல் ஆயில் எஞ்சினிலோ ஒற்றைச் சிலிண்டர் நிமிர்ந்து நிற்கிறது. விமானத்துக்கு ஏன் அந்த வட்டம்?

பதில்: தாத்தா பார்த்தது ரேடியல் எஞ்சின். பூவைவிட மாட்டு வண்டிச் சக்கரத்தை நினைத்துக்கொண்டால் அதன் அமைப்பு நன்றாக விளங்கும். குடத்திலிருந்து ஆரக்கால்கள் கிளம்புவதைப்போல, விசிறியைச் சுழற்றும் வளைந்த தண்டான கிராங்க் இருக்கும் நடு அறையைச் சுற்றிச் சிலிண்டர்கள் நிற்கும். அவற்றில் ஒன்றின் கனெக்டிங் ராடு (பிஸ்டனைக் கிராங்கோடு இணைக்கும் கம்பி) மட்டுமே கிராங்கை நேரடியாகப் பற்றியிருக்கும். மற்றவை அந்த மாஸ்டர் ராடின் அடிவளையத்தில் ஊசிகளால் கோக்கப்பட்டிருக்கும். ஒன்பது சிலிண்டர்கள் இருந்தாலும் கிராங்கில் ஒரே முழங்கை (வளைவு) போதுமென்பதால் தண்டு குட்டையாகி, எஞ்சினின் எடையும் குறைகிறது.

அதைவிடப் பெரிய காரணம் குளிர்ச்சி. வயலில், பம்பு இறைக்கும் தண்ணீரிலேயே ஒரு சிறு குழாயைப் பிரித்து எஞ்சினைக் குளிர்விக்கிறீர்கள். விமானத்திலோ தண்ணீரும் ரேடியேட்டரும் சுமை. போரில் ரேடியேட்டரில் ஒரு குண்டு பாய்ந்தாலே எஞ்சின் சூடேறி நின்றுவிடும். வட்டமாக நிற்கும் ஒவ்வொரு சிலிண்டர் மீதும் எதிர்க்காற்று நேரே மோதுவதால், அதைச் சுற்றியுள்ள மெல்லிய உலோகத் தகடுகளே வெப்பத்தை வெளியேற்றிவிடுகின்றன. 1927இல் அமெரிக்க விமானி லிண்ட்பெர்க் நியூயார்க்கிலிருந்து பாரிஸுக்கு ஏறத்தாழ 33½ மணி நேரம் தனியாகப் பறந்தது 9 சிலிண்டர் ரைட் வேர்ல்விண்ட் எஞ்சினை நம்பித்தான்.

தாத்தா சிலிண்டர்களை எண்ணியிருந்தால், ஒரு வட்டத்தில் 5, 7, 9 என ஒற்றைப்படையாகவே இருந்திருக்கும். நான்கு வீச்சு (ஃபோர் ஸ்ட்ரோக்) எஞ்சினில் கிராங்க் இரண்டு சுற்று சுற்றுவதற்குள் ஒவ்வொரு சிலிண்டரிலும் எரிபொருள் ஒருமுறை வெடிக்க வேண்டும். ஐந்து சிலிண்டர்களில் ஒன்று விட்டு ஒன்றாக 1, 3, 5, 2, 4 எனச் சீரான இடைவெளியில் அது நடந்துவிடுகிறது. ஆறு என்றால் 1, 3, 5 முடிந்ததும் மறுபடி 1 வந்துவிடும், சீர் கெடும். போர்க்காலச் சரக்கு விமானமான டகோட்டாவின் 14 சிலிண்டர் எஞ்சின்கூட ஏழேழாக இரண்டு அடுக்குதான்.

இந்த எஞ்சினை ஸ்டார்ட் செய்யும் முன் விமானத்தின் விசிறியைக் கையால் மெல்லச் சுற்றிப் பார்ப்பார்கள். நின்றிருக்கும் நேரத்தில் ஆயில் கசிந்து கீழ்ச் சிலிண்டர்களில் தேங்கும். திரவம் அமுங்காது என்பதால், அப்படியே ஸ்டார்ட் செய்தால் கனெக்டிங் ராடு வளைந்துவிடும். விசிறி எங்காவது முட்டி நின்றால் பலங்கொண்டு தள்ளக் கூடாது. கீழே உள்ள ஸ்பார்க் பிளக்கைக் கழற்றி ஆயிலை வடித்துவிட வேண்டும்.

திருவாரூர் வாசகி: அந்தக்கால விமானங்களுக்கு விளக்கெண்ணெய் ஊற்றினார்கள் என்பது உண்மையா?

பதில்: உண்மைதான். முதல் உலகப் போரின் ரோட்டரி எஞ்சின்களில் கிராங்க் அசையாமல் நிற்க, சிலிண்டர்கள் விசிறியோடு சேர்ந்து சுழன்றன. பெட்ரோலில் எளிதில் கரையாத விளக்கெண்ணெய் அவற்றுக்கு ஏற்றதாக இருந்தது. ஆனால் அது புகையோடு வெளியேறி, விமானியின் முகத்திலேயே படிந்தது.

கும்பகோணம் வாசகர்: கார்களில் ஏன் ரேடியல் எஞ்சின் வரவில்லை?

பதில்: முயன்று பார்த்தார்கள். அமெரிக்காவின் ஆடம்ஸ்-ஃபார்வெல் கார்களில் சிலிண்டர்கள் ராட்டினம்போலப் படுக்கைவாட்டில் சுழன்றன. 1920களில் ஜெர்மனியின் மெகோலா மோட்டார் சைக்கிள், ஐந்து சிலிண்டர் எஞ்சினை முன்சக்கரத்துக்குள்ளேயே வைத்திருந்தது. இரண்டும் நிலைக்கவில்லை. நிமிர்த்தி வைத்தால் வட்ட எஞ்சின் காரின் முன்பகுதியை உயர்த்திச் சாலையை மறைக்கும். தேர் வீதியில் நெரிசலில் ஊர்ந்து செல்லும் காருக்கு, சிலிண்டரைக் குளிர்விக்கும் எதிர்க்காற்றும் கிடைக்காது. உயரம் பெரிய தடையாகாத பீரங்கி வண்டியில் மட்டும் இது நன்றாக உழைத்தது: இரண்டாம் உலகப் போரின் ஷெர்மன் டாங்கிகள் பலவற்றில் 9 சிலிண்டர் ரேடியல் எஞ்சினே இருந்தது, காற்றுக்குப் பெரிய விசிறியும் கூடவே இருந்தது.