42 வயது வரை பொறுக்க முடியுமா?

நியூ ஜெர்சியிலிருந்து எழுதியிருக்கும் சகோதரிக்கு,

பன்னிரண்டாம் வகுப்பு படிக்கும் மகன் கம்ப்யூட்டர் சயின்ஸ் வேண்டாம், நடிப்புதான் படிப்பேன் என்று நிற்கிறான். "ஹீரோகூட இல்லையாம், ஜே.கே. சிம்மன்ஸ் மாதிரி வரணுமாம்" என்று நொந்துபோய் எழுதியிருக்கிறீர்கள். சிம்மன்ஸ் ஹாலிவுட்டின் குணச்சித்திர நடிகர். எனக்கு அந்த வரியைப் படித்ததும்தான் நம்பிக்கை வந்தது. ஹீரோ கனவோடு வருகிற பிள்ளைக்கு எதைச் சொன்னாலும் ஏறாது. குணச்சித்திர நடிகராக வேண்டும் என்பவனிடம் சம்பளம், இன்ஷூரன்ஸ், வாடகை எல்லாம் பேசலாம்.

சிம்மன்ஸின் வருடங்களை அவனையே ஒரு தாளில் எழுதச் சொல்லுங்கள். 1955இல் பிறந்தவர். அப்பா இசை ஆசிரியர். மான்டானா பல்கலைக்கழகத்தில் இவர் படித்ததும் இசைதான், 1978இல் பட்டம். பிறகு மான்டானா, சியாட்டில் என்று மேடை நாடகங்கள், அப்புறம் நியூயார்க். 1992இல் பிராட்வேயில் 'கைஸ் அண்ட் டால்ஸ்' நாடகத்தில் ஒரு துணைப் பாத்திரம். எச்பிஓவின் சிறைத் தொடரான 'ஆஸ்' 1997இல் வந்த பிறகுதான் ஜனங்களுக்கு அந்த முகம் பதிந்தது. அப்போது வயது 42. 'ஸ்பைடர்மேன்' படத்தில் பத்திரிகை ஆசிரியராக வந்தது 47 வயதில். 'விப்லாஷ்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கும்போது 60 ஆகிவிட்டது.

மகன் கண்ணுக்கு ஆஸ்கர் தெரிகிறது. நீங்கள் இருவரும் பேச வேண்டியது 1978க்கும் 1997க்கும் நடுவே கிடக்கும் 19 வருடங்களைப் பற்றி. அந்த மாதிரி வருடங்களில் சாப்பாட்டுக்கு என்ன வழி?

ஆஸ்கருக்கு முன்பு அவர் கையில் என்னென்ன வேலை இருந்தது என்றும் பாருங்கள். 'லா அண்ட் ஆர்டர்' தொடரில் அவ்வப்போது வந்துபோகும் மனநல மருத்துவர், 'தி குளோசர்' தொடரில் ஏழு சீசன் போலீஸ் அதிகாரி, எம் அண்ட் எம்ஸ் விளம்பரத்தில் மஞ்சள் மிட்டாயின் குரல், ஃபார்மர்ஸ் இன்ஷூரன்ஸ் விளம்பரம். மிட்டாய்க்குக் குரல் கொடுப்பதா என்று முகம் சுளிக்கிற பையன் இந்தத் தொழிலுக்கு ஒத்துவரமாட்டான். அதை இப்போதே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

2023இல் நடிகர் சங்கமான சாக்-ஆஃப்ட்ரா 118 நாள் ஸ்டிரைக் செய்தது நினைவிருக்கும். சங்கத்தின் ஹெல்த் இன்ஷூரன்ஸ் கிடைக்க அப்போது ஒரு நடிகர் வருடத்துக்கு 26,470 டாலர் நடித்துச் சம்பாதித்திருக்க வேண்டும். உறுப்பினர்களில் பெரும்பாலோர் அந்தத் தொகையைத் தொடுவதே இல்லை. முன்பெல்லாம் பழைய எபிசோடை மறு ஒளிபரப்பு செய்யும்போது ரெசிடுவல் காசோலை வீடு தேடி வரும். ஸ்ட்ரீமிங் வந்தபின் அது மெலிந்துபோனது. சிம்மன்ஸ் ஏறிய படிகளில் சில இன்று இல்லை என்பதையும் மகனிடம் சொல்லுங்கள்.

படிக்க வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் நான்கு வருட நடிப்புப் பட்டத்துக்காக உங்கள் பெயரில் பெரிய கடன் எடுப்பதற்கு நான் ஒத்துக்கொள்ளமாட்டேன். மாதத் தவணை தலைமேல் இருப்பவனால் ஆடிஷனுக்காகக் கிடைத்த வேலையை விட்டு ஓட முடியாது. மாநிலப் பல்கலைக்கழகத்தில் நாடகத்தோடு இன்னொரு பாடமும் சேர்த்து பி.ஏ. படிக்கட்டும். முதுகலையில் யேல் நாடகப் பள்ளி 2021 முதல் கல்விக் கட்டணமே வாங்குவதில்லை. நியூயார்க்கின் ஜூலியார்ட் கலைப் பள்ளியும் நடிப்பு முதுகலைக்கு 2024 முதல் அப்படித்தான். இடம் கிடைப்பது குதிரைக்கொம்பு, அது வேறு விஷயம். இந்த வருடமே நடிப்புப் படிப்புக்கு விண்ணப்பிப்பதாக இருந்தால், முதல்கட்டத் தேர்வுக்கான வீடியோக்களை இலையுதிர் காலத்திலேயே அனுப்ப வேண்டும். நேரடி ஆடிஷன்கள் பெரும்பாலும் ஜனவரி, பிப்ரவரியில் நடக்கும்.

ஒன்றை நீங்கள் எழுதவே இல்லை. குடும்பம் என்ன விசாவில் இருக்கிறது? வேலை விசாவில் இருப்பவரின் குடும்பத்துக்குத் தரும் எச்-4இல் மகன் இருந்தால் சம்பளம் வாங்கி நடிக்கவே முடியாது, 21 வயதில் அந்த அந்தஸ்தும் போய்விடும். மாணவர் விசாவான எஃப்-1க்கு மாறினாலும் நடிப்புப் பட்டத்துக்குப் பிந்தைய வேலை அனுமதி 12 மாதம்தான். கம்ப்யூட்டர் சயின்ஸ் பிள்ளைகளுக்குக் கிடைக்கும் கூடுதல் 24 மாதம் இதற்குக் கிடையாது. கிரீன் கார்டு கையில் இருந்தால் கதையே வேறு. அதை எழுதுங்கள், கல்லூரிப் பட்டியலை அதற்கு அப்புறம் போடலாம்.