பேரேட்டில் என்னதான் இருக்கிறது?

கேள்வி: ஒரே நிறுவனத்தின் பிடியில் இல்லாத, பரவலாக்கப்பட்ட மின்னணு அடையாள முறையில் நம் விவரங்கள், பல கணினிகளில் ஒரே படியாக வைக்கப்படும் பிளாக்செயின் பேரேட்டில் ஏறிவிடும், அதை யாராலும் திருத்த முடியாது என்கிறார்கள். பெயரும் பிறந்த தேதியும் அழிக்கவே முடியாத இடத்தில் கிடப்பது ஆபத்தில்லையா?

பதில்: ஆபத்துதான். அதனால்தான் ஒழுங்காக வடிவமைக்கப்பட்ட அமைப்பு எதுவும் அவற்றைப் பேரேட்டில் ஏற்றுவதில்லை. பட்டச் சான்றிதழை எடுத்துக்கொள்வோம். பல்கலைக்கழகம் தன்னிடம் மட்டுமே இருக்கும் இரகசிய எண்ணான தனித் திறவுகோலால் மின்கையொப்பமிட்டுத் தரும் சான்றிதழ், உங்கள் கைப்பேசியில் சான்றிதழ்களைச் சேமிக்கும் வாலட் செயலியில் இருக்கும். பேரேட்டில் இருப்பதோ அந்தப் பல்கலைக்கழகத்தின் அடையாளக் குறியீடும் அதன் தனித் திறவுகோலுக்கு இணையாக, எல்லோரும் பார்க்கக்கூடிய பொதுத் திறவுகோலும்தான். வேலைக்கு எடுக்கும் நிறுவனம் அந்தத் திறவுகோலைக் கொண்டு கையொப்பத்தைச் சரிபார்க்கும். மதிப்பெண்ணில் ஓர் இலக்கம் மாறியிருந்தாலும் கையொப்பம் பொருந்தாது. பல்கலைக்கழகத்தை நேரில் கேட்க வேண்டியதில்லை என்பதால், நீங்கள் எங்கே விண்ணப்பித்தீர்கள் என்பதும் அதற்குத் தெரியவராது.

விவரத்துக்குப் பதிலாக, அதிலிருந்து கணக்கிடப்படும், நேரடியாகத் திருப்பி விவரமாக்க முடியாத குறியீடான 'ஹேஷ்' மதிப்பை மட்டும் ஏற்றினால் பாதுகாப்பு என்று வாதிடுவோர் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. நூறு ஆண்டுகளுக்கு மொத்தமே சுமார் 36,500 தேதிகள்தான். அத்தனைக்கும் ஹேஷ் கணக்கிட்டு உங்கள் பிறந்த தேதியைப் பிடித்துவிட ஒரு சாதாரணக் கணினிக்கு ஒரு நொடி போதும். 2018-இல் நடைமுறைக்கு வந்த ஐரோப்பியத் தரவுப் பாதுகாப்புச் சட்டமோ, தன் விவரத்தை அழிக்கக் கோரும் உரிமையைத் தனிநபருக்கு அளிக்கிறது. எதையும் அழிக்கத் தெரியாத பேரேட்டால் அதை நிறைவேற்ற இயலாது.

18 வயது நிறைந்துவிட்டதை மட்டும், பிறந்த தேதியைக் காட்டாமலே மெய்ப்பிக்கவும் வழியுண்டு. அதற்கு அடிப்படையான 'பூஜ்ய அறிவு நிரூபணம்' என்ற கருத்தைக் கோல்ட்வாசர், மிக்காலி, ராக்காஃப் ஆகிய கணினி அறிவியலாளர்கள் மூவரும் 1985-இலேயே முன்வைத்துவிட்டார்கள்.

கேள்வி: அப்படியானால் இனிப் போலிச் சான்றிதழே இருக்காதா?

பதில்: இருக்கும். பதிந்தது பின்னர் மாற்றப்படவில்லை என்பதற்குத்தான் பேரேடு பொறுப்பு; பதிந்தது உண்மையா என்பதற்கு அன்று. ஒரு கல்லூரியே பொய்யான சான்றிதழுக்குக் கையொப்பமிட்டால், அந்தக் கையொப்பமும் கச்சிதமாகப் பொருந்தும். சொல்லப்போனால், இணையத் தரங்களை வகுக்கும் டபிள்யூ3சி அமைப்பு 2022-இல் வெளியிட்ட தரவரையறை, இத்தகைய அடையாளத்துக்குப் பிளாக்செயினைக் கட்டாயமாக்கவே இல்லை.

கேள்வி: கைப்பேசி தொலைந்துவிட்டால்?

பதில்: இந்த ஏற்பாட்டின் பலவீனமான இடம் இதுதான். சான்றிதழ் உங்களுடையதே என்று காட்டும் உங்கள் தனித் திறவுகோலும் அந்தக் கைப்பேசியில்தான் இருக்கும். கடவுச்சொல்லை மறந்தவருக்குப் புதியது தர ஒரு நிறுவனம் இருக்கும். தனித் திறவுகோலைத் தொலைத்தவருக்கு அப்படி யாரும் இல்லை. திறவுகோலை மீண்டும் உருவாக்க உதவும் மீட்புச் சொற்களை முன்கூட்டியே தாளில் எழுதி வைக்கலாம். அல்லது திறவுகோலை ஐந்து பங்குகளாக்கி நம்பிக்கைக்குரிய ஐவரிடம் ஒப்படைத்து, எவரேனும் மூவரின் பங்குகள் சேர்ந்தால் மீட்கும்படி செய்யலாம். இரண்டுக்கும் இடம்தராத செயலியில் சான்றிதழ்களைச் சேர்க்காதீர்கள்.